ஊவாத் தோட்டங்களின் ஒற்றைப் பிரதிகள்

1934ஆம் ஆண்டு ‘சோங் ஒஃப் சிலோன்’ என்ற ஆவணப்படம் வெளிவந்தது. பஸில் ரைட் இயக்கிய அந்தப் படத்தை உலக ஆவணப்பட வரலாறு இன்றும் நினைவில் வைத்திருக்கிறது. படத்துக்குப் பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. தேயிலையை உலகச் சந்தையில் விற்க வேண்டும் என்பது சபையின் தேவை. ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் கழித்து, 1973இல், பிரித்தானியாவின் கிரனாடா தொலைக்காட்சி நம் தோட்டங்களுக்கு வந்து, ஒரு கோப்பைத் தேநீருக்குப் பின்னால் இருக்கும் பட்டினியையும் லயத்து வாழ்க்கையையும் தன் நாட்டு மக்களுக்குக் காட்டியது. முன்னையது தேயிலையை விற்க எடுத்த படம், பின்னையது அநியாயத்தைச் சொல்ல எடுத்த படம். இரண்டிலும் கமராவை எந்தப் பக்கம் திருப்புவது என்று தீர்மானித்தவர்கள் வெளியிலிருந்து வந்தவர்கள். தோட்டத் தொழிலாளி தன் கைக்காசைக் கொடுத்து, கமராக்காரரைத் தன் வீட்டு இஸ்தோப்புக்கு வரவழைத்து, இதை எடுங்கள், இவரை எடுங்கள் என்று சொல்லும் நிலை வீடியோ கசட்டோடுதான் வந்தது. அந்தக் கசட்டுகள் ஊவாவின் பதுளை, பசறை, லுணுகலை, மடுல்சீமை, பண்டாரவளை, ஹப்புத்தளை, கொஸ்லந்தைப் பக்கத்து வீடுகளில் அலுமாரிக்கு மேலும் தகரப் பெட்டிக்குள்ளும் கிடந்து இன்று அழிந்துகொண்டிருக்கின்றன. பழையதை நினைத்து ஏங்குவதால் மட்டும் அவற்றைக் காப்பாற்ற முடியாது. எதை முதலில் காப்பாற்ற வேண்டும் என்ற தெளிவும் அதைச் செய்து முடிக்கும் ஏற்பாடும் வேண்டும்.

இந்தக் கசட்டுகள் எந்தக் காலத்துக்கு உரியவை என்பதை முதலில் பார்க்கலாம். ஜப்பானின் ஜேவிசி நிறுவனம் விஎச்எஸ் முறையை 1976இல் அறிமுகம் செய்தது. அடுத்த ஆண்டே இலங்கையில் திறந்த பொருளாதாரம் வந்து இறக்குமதிக் கதவுகள் திறந்தன. 1979 ஏப்ரலில் சுயாதீனத் தொலைக்காட்சியும், 1982 பெப்ரவரியில் ரூபவாஹினியும் ஒளிபரப்பைத் தொடங்கின. பின்னாலேயே வீடியோ கசட்டை ஓட்டும் ‘டெக்’ வந்தது. தோட்டங்களில் அது முதலில் ஒருவருடைய சொத்தாக வரவில்லை. திருவிழாவுக்கோ கலியாணத்துக்கோ வாடகைக்கு எடுத்து, லயமே கூடியிருந்து பார்க்கும் பொருளாகத்தான் வந்தது. பிறகு நகரத்து ஸ்டூடியோக்கள் வீடியோ கமராவோடு மலையேறத் தொடங்கின. கலியாணம், பூப்புனித நீராட்டு, காது குத்து, கோயில் தேர், பாடசாலைக் கலைவிழா, தொழிற்சங்கக் கூட்டம், சாவு வீடு என எல்லாம் நாடாவில் ஏறின. 2000ஆம் ஆண்டுக்குப் பின் இறுவட்டும், அதன் பிறகு கைபேசியும் வந்து இந்தக் காலத்தை முடித்துவைத்தன. ஆக, எண்பதுகளின் தொடக்கத்திலிருந்து ஏறக்குறைய இருபத்தைந்து ஆண்டுகள்தான் நாடாவின் ஆயுள்.

அந்த இருபத்தைந்து ஆண்டுகள் மலையக மக்களின் வரலாற்றில் சாதாரண ஆண்டுகள் அல்ல. 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் இவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் செய்த ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கு பிரித்தது. மலைநாட்டிலிருந்து ரயிலில் தலைமன்னாருக்குப் போய்க் கப்பலேறியவர்களில் பலர் நீலகிரியிலும் தமிழ்நாட்டின் பிற மாவட்டங்களிலும் குடியமர்த்தப்பட்டார்கள். தமிழருக்கு எதிரான 1983 யூலை வன்செயல் பதுளை நகரையும் எரித்தது. 1984இல் கப்பல் போக்குவரத்து நின்றபோது, போகவேண்டியவர்கள் என்று பட்டியலில் இருந்த பலர் இங்கேயே தங்கிவிட்டார்கள். பிரஜாவுரிமை வழங்கும் 1988ஆம் ஆண்டுச் சட்டமும், எஞ்சியவர்களுக்காக 2003ஆம் ஆண்டுச் சட்டமும் வந்த பிறகே நாடற்ற நிலை சட்டப்படி முடிவுக்கு வந்தது. இடையில், 1992இல், அரசு கையில் இருந்த தோட்டங்களின் நிர்வாகம் தனியார் கம்பனிகளுக்குப் போனது. நாடற்றவர்கள் பிரஜைகளாக மாறிய காலமும் நாடாவின் காலமும் ஒன்றாகவே ஓடியிருக்கின்றன. அந்தக் காலத்து எழுத்து ஆவணங்களில் பெரும்பகுதி மற்றவர்கள் இவர்களைப் பற்றி எழுதியவை: தொழிலாளர் பெயர் பதியும் செக்ரோல், தோட்டத்துப் பதிவேடு, கச்சேரிக் கோப்பு, பயண ஆவணம். இவர்கள் தங்களைத் தாங்களே எப்படிக் காட்டிக்கொள்ள விரும்பினார்கள் என்பதற்கு அசையும் படமாக இருக்கும் சான்று இந்தக் கசட்டுகளே.

இன்று கசட்டைப் பற்றிய ஏக்கம் எங்கும் பேசப்படுகிறது. டெக்கை வாடகைக்கு எடுத்து ஒரே இரவில் மூன்று படம் ஓட்டியது, நாடா சிக்கியபோது கையால் சுற்றியது, படம் ஆடியபோது டெக்கின் தலையைத் தட்டியது என்று ஒரு தலைமுறை ஆசையோடு நினைவுகூர்கிறது. அந்த நினைவுக்கு மதிப்பு உண்டு. நாள் முழுவதும் கொழுந்து பறித்தவர்கள் ஒன்றாக உட்கார்ந்து சிரித்து அழுத பொழுதுகள் அவை. ஆனால் ஏக்கம் தன் போக்கில் போனால் தவறான பெட்டியைத்தான் திறக்கும். நாம் ஆசையாக நினைக்கும் கசட்டுகளில் பெரும்பாலானவை சினிமாப் படங்கள், அவை சென்னையில் இருக்கின்றன, தொலைக்காட்சிகளில் இருக்கின்றன, இணையத்தில் இருக்கின்றன. பதுளைக் கசட் ஒன்று பூஞ்சணம் பிடித்துப் போனால் எம்.ஜி.ஆர். படம் எதுவும் உலகத்திலிருந்து மறையாது. 1991இல் பசறைத் தோட்டமொன்றில் நடந்த காமன்கூத்து ஒரே ஒரு நாடாவில் இருந்தால், அந்த நாடாவோடு அந்தக் கூத்தும் போய்விடும். ஆகவே நமக்கு வேண்டிய அளவுகோல் எளிது: வேறெங்கும் பிரதி இல்லாததே முதலில் காப்பாற்றப்பட வேண்டியது. உறைக்கு அழகான படம் ஒட்டியிருக்கும் கசட்டைவிட, பெயர்கூட எழுதாமல் கிடக்கும் கசட்டே அவசரமானது.

நாடா அழிவது ஏன் என்று தெரிந்தால்தான் அவசரம் புரியும். விஎச்எஸ் நாடா அரை அங்குல அகலமுள்ள மெல்லிய பொலியெஸ்டர் பட்டை. அதன்மேல் காந்தத் துகள்களைப் பிடித்துவைக்கும் பசைப் பூச்சு இருக்கிறது. படமும் ஒலியும் அந்தத் துகள்களில்தான் பதிவாகியிருக்கின்றன. நமது நாட்டின் ‘பால்’ (PAL) தொலைக்காட்சி முறையில், டெக்கின் உள்ளே இருக்கும் உருளை நிமிடத்துக்கு 1,500 முறை சுழன்று, நாடாவில் சாய்வாக எழுதப்பட்ட கோடுகளைப் படிக்கிறது. ஒரு கோட்டின் அகலம் மில்லிமீற்றரின் இருபதில் ஒரு பங்கு. அவ்வளவு நுண்ணிய பதிவின்மேல் தூசி ஒட்டினாலும் நாடா சற்று நீண்டு சுருங்கினாலும் படம் குலையும். பசைப் பூச்சு காற்றின் ஈரத்தை உறிஞ்சி இளகும், துகள்கள் உதிரும், ஈரம் நிலைத்தால் பூஞ்சணம் வளரும். குளிரான, உலர்ந்த அறையில் வைத்தால்கூட இவ்வகை நாடாக்களை இருபது முப்பது ஆண்டுகளுக்கு மேல் நம்ப முடியாது. ஹப்புத்தளையின் பனிமூட்டம், பதுளையின் ஐப்பசி கார்த்திகை மழை, ஒழுகும் தகரக் கூரை, அடுத்த அறையில் எரியும் விறகடுப்பின் புகை எல்லாம் சேர்ந்த லயத்து அறையில் அந்தக் கணக்கு இன்னும் குறையும். எண்பதுகளில் எடுத்த நாடாவுக்கு நாற்பது வயது நெருங்கிவிட்டது.

நாடா தப்பினாலும் அதைப் படிக்கும் கருவி வேண்டும். உலகில் கடைசியாக டெக் தயாரித்துவந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016 யூலையில் உற்பத்தியை நிறுத்திவிட்டது. இன்று ஓடும் ஒவ்வொரு டெக்கும் பழைய டெக்தான். அதைத் திருத்தத் தெரிந்த கைகளும் குறைந்துவருகின்றன. இதைக் கருதித்தான் அவுஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட, ஒலி ஆவணக் காப்பகம் 2015இலேயே, நாடாக்களைப் பதிந்து காப்பதற்கு 2025ஐக் கெடு ஆண்டாக அறிவித்து எச்சரித்தது. யுனெஸ்கோவின் ஆதரவோடு உலகளாவிய காந்த நாடா எச்சரிக்கைத் திட்டமும் அதே ஆண்டைச் சுட்டியது. ஊவாவுக்கு இன்னொரு கெடுவும் உண்டு. 2014 ஒக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மனிதரோடு புதைத்தது. 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வா புயலும் பதுளை மாவட்டத்து மலைகளைச் சரித்தது. உயிர்கள் போன இடத்தில் பொருளைப் பற்றிப் பேசுவது சிறுமையாகத் தோன்றலாம். ஆனால் இறந்தவரின் முகமும் குரலும் இருந்த ஒரே நாடா அதே மண்ணுக்குள் போவது, உயிர் தப்பியவர்களுக்கு இரண்டாவது இழப்பு. சரிவு அபாயம் உள்ள தோட்டங்களில் இருக்கும் கசட்டுகளுக்குப் பத்தாண்டுத் திட்டமெல்லாம் பொருந்தாது.

இதற்கு எதிராகச் சொல்லப்படும் முதல் வாதம், கலியாணக் கசட்டில் என்ன வரலாறு இருக்கிறது என்பது. முழுக்கச் சினிமாப் பாட்டு, பூவுக்குள் முகம் சுழலும் தந்திரக் காட்சி, கமராவைப் பார்த்து விறைத்து நிற்கும் மனிதர்கள், எல்லாக் கசட்டும் ஒரே அச்சு என்பார்கள். கசட்டைப் பார்த்தவர்கள் சொல்லும் உண்மைதான் இது. ஆனால் வீட்டார் வேகமாக ஓட்டிவிடும் பகுதிகளே வரலாற்றுக்கு அதிகம் தருகின்றன. மொய் எழுத வரிசையில் நிற்பவர்களைக் கமரா ஒவ்வொருவராக எடுத்திருக்கும். ஒரு தோட்டத்தின் ஒரு தலைமுறை முழுவதும் அந்த வரிசையில் நிற்கும். பந்தியில் யார் யாருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள், யார் பரிமாறினார்கள், துரைக்கும் கணக்குப்பிள்ளைக்கும் எங்கே நாற்காலி போட்டார்கள் என்பதில் அன்றைய சாதி, பதவி, உறவுகள் அத்தனையும் தெரியும். பின்னணியில் இன்று இடிக்கப்பட்ட லயம் இருக்கும், தொங்கல் காம்பராவும் பீலித் தண்ணீரும் பிள்ளைக்காம்பராவும் இருக்கும், பின்னால் காடாகிப்போன தேயிலை மலை பச்சையாக இருக்கும். பாட்டு ஒலிக்காத இடங்களில் தப்புச் சத்தமும் கிழவிகள் பேசும் தோட்டத்துத் தமிழும் கேட்கும். கமராவுக்கு முன் விறைத்து நின்றதும் செய்திதான்: நல்ல சேலையோடும் கழுத்து நிறைந்த மாலையோடும் தாங்கள் நினைவுகூரப்பட வேண்டும் என்று அவர்கள் விரும்பினார்கள். விற்பனைப் படத்தின் புன்னகையிலும் பட்டினிப் படத்தின் எலும்பிலும் கிடைக்காதது அந்த விருப்பம்.

சாதாரண வீட்டுப் பதிவை இழிவாக எண்ணக்கூடாது என்பதை உலக அனுபவமும் சொல்கிறது. பிபிசி தொலைக்காட்சி 1960களிலும் 70களிலும் செலவைக் குறைக்கத் தன் நாடாக்களை அழித்து மறுபடி பயன்படுத்தியது. ‘டொக்டர் ஹூ’ தொடரின் பல அத்தியாயங்கள் அப்படித் தொலைந்தன. தொலைந்த அத்தியாயங்களின் ஒலி முழுவதும் இன்று கிடைப்பதற்குக் காரணம், வீட்டில் தொலைக்காட்சிக்கு முன் ஒலிப்பதிவுக் கருவியை வைத்துப் பதிந்த பார்வையாளர்கள். பணமும் கட்டடமும் உள்ள நிறுவனம் கைவிட்டதை வீட்டு அலுமாரிகள் காத்தன. பெரிய காப்பகம் எதுவும் இல்லாத ஊவாவின் தோட்டங்களுக்கு வீட்டு அலுமாரி மட்டுமே காப்பகம்.

இரண்டாவது வாதம் வலியிலிருந்து வருவது. 1,000 ரூபாய் நாட்சம்பளத்துக்கே ஆண்டுக்கணக்கில் போராடி 2021இல் பெற்ற மக்களுக்கு, காணியும் வீடும் இன்னும் முழுதாகக் கிடைக்காத மக்களுக்கு, கசட்டா பெரிது என்ற கேள்வி நியாயமானது. காணிக்கும் சம்பளத்துக்கும் ஒதுக்கிய பணத்தில் ஒரு சதமும் இதற்குத் திருப்பப்படக் கூடாது என்பதே என் நிலைப்பாடும். ஆனால் இந்த வேலைக்கு வேண்டிய தொகை அவற்றோடு போட்டியிடும் அளவு பெரிதல்ல. நல்ல நிலையில் உள்ள இரண்டு டெக், படத்தின் ஆட்டத்தைச் சீர்செய்யும் கருவி ஒன்று, கணினியில் பதியும் கருவி ஒன்று, ஒரு கணினி, சில வன்தட்டுகள் போதும்; அவற்றைப் பல தோட்டங்கள் முறைவைத்துப் பயன்படுத்தலாம். பார்ப்பதற்கான எம்பி4 கோப்பு ஒரு மணி நேரத்துக்கு ஏறக்குறைய 2 ஜிகாபைட் ஆகும். மூன்று மணி நேரக் கசட்டுகள் நூறு என்றால் 600 ஜிகாபைட். ஒரு ரெறாபைட் வன்தட்டில் அடங்கிவிடும். உண்மையான செலவு நேரம்தான். மூன்று மணி நேர நாடாவைப் பதிய மூன்று மணி நேரம் ஆகும். அதை விரைவாக்க வழியில்லை. அடையாளமும் உரிமையும் தனித்தனி விடயங்கள் என்றும் நான் நினைக்கவில்லை. 2023இல், மலையக மக்களின் இருநூறு ஆண்டுகளை நினைவுகூர்ந்து தலைமன்னாரிலிருந்து மாத்தளைவரை நடந்தவர்கள் கோரியது, இந்த நாட்டின் சமமான மக்களாக ஏற்கப்படும் உரிமையை. அந்தக் கோரிக்கைக்குத் தங்கள் வாழ்வைத் தாங்களே காட்டும் சான்றும் துணை நிற்கும்.

மூன்றாவது வாதம், இந்த ஏக்கம் லயத்தை அழகுபடுத்திவிடும் என்பது. பத்துக்குப் பன்னிரண்டு அடி அறையில் பெரிய குடும்பம் வாழ்ந்த அவலம் பழைய நினைவின் இனிமையில் கரைந்துபோகும் என்ற அச்சம் சரியானதே. ஆனால் லயத்தை அழகுபடுத்துவது நம் நினைவு. நாடா அந்த வேலையைச் செய்யாது. விளக்கு வெளிச்சத்தில் கரிபிடித்த சுவரும், பந்தலுக்குப் பின்னால் ஓடும் திறந்த கானும், வெறுங்காலோடு நிற்கும் பிள்ளைகளும் அதில் இருக்கிறார்கள். ஏக்கத்தைத் திருத்தக்கூடிய சாட்சியே நாடா. இதைவிடக் கடினமான வாதம் மானம் பற்றியது. பூப்புனித நீராட்டில் உட்கார்ந்திருக்கும் சிறுமிக்கு இன்று நாற்பது வயது இருக்கலாம். தன் படம் இணையத்தில் எல்லோருக்கும் திறந்திருப்பதை அவர் விரும்பாமல் இருக்கலாம். முறிந்த கலியாணங்கள், பிரிந்த குடும்பங்கள், சாவு வீட்டின் அழுகை எல்லாம் இருக்கும் பெட்டி இது. பாதுகாத்தல் வேறு, பகிரங்கப்படுத்தல் வேறு என்பதை இங்கே கண்டிப்பாகக் கடைப்பிடிக்க வேண்டும். கோப்பின் முதல் உரிமை குடும்பத்துக்கு. வீட்டுக்குள் மட்டும், ஆய்வாளருக்கு மட்டும், எல்லோருக்கும் என மூன்று நிலைகளில் எது வேண்டும் என்று படத்தில் இருப்பவர்களிடம் கேட்டு எழுதிவைக்க வேண்டும். யூரியூப்பில் ஏற்றிவிட்டால் பாதுகாத்துவிட்டதாக எண்ணுவதும் தவறு. பின்னணிச் சினிமாப் பாட்டுக்காகவே அங்கே ஒலி நீக்கப்படலாம், படமே தடுக்கப்படலாம்.

வேலையைத் தொடங்குவோருக்குச் சில நடைமுறைகள் முக்கியம். கசட்டின் பின்விளிம்பில் இருக்கும் சிறு பிளாஸ்ரிக் துண்டை முதலில் உடைத்துவிட வேண்டும். அதன்பின் தவறுதலாக அழித்துப் பதிய முடியாது. கண்ணாடி வழியே நாடாவைப் பார்த்து, வெள்ளையாக மாவு பூத்ததுபோல் இருந்தால் டெக்கில் போடக்கூடாது. பூஞ்சணம் டெக்குக்குள் போய் அடுத்தடுத்த கசட்டுகளுக்கும் பரவும். அதைத் தனியே பொதிந்து, சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுக்க வேண்டும். அடுப்புச் சூட்டிலும் வெயிலிலும் காயவைக்கவே கூடாது. நல்ல நாடாவை ஒருமுறை முழுதாக முன்னும் பின்னும் சுற்றி, டெக்கின் தலையைத் துடைத்து, ஒரே ஓட்டத்தில் பதிய வேண்டும். பதியும்போது படத்தை அகலத்திரைக்கு இழுக்கவோ, செயற்கை நுண்ணறிவால் முகங்களைத் தெளிவாக்கவோ கூடாது. அந்த மென்பொருள் காட்டும் முகம் பாட்டியின் முகமாக இல்லாமல் போகலாம். இயலுமானால் தகவல் இழப்பில்லாத எஃப்எஃப்வி1 முறையில் மூலக்கோப்பு ஒன்று, பார்க்க எம்பி4 ஒன்று என இரண்டாகச் செய்வது நல்லது. மூலக்கோப்பு மணிக்கு 30, 40 ஜிகாபைட் பிடிக்கும் என்பதால், பிரதி இல்லாத கூத்து, திருவிழா, கூட்டம் போன்றவற்றுக்கு அதை முதலில் ஒதுக்கலாம். முடிந்த கோப்பு மூன்று பிரதிகளாக, அவற்றில் ஒன்றாவது வேறு ஊரில் இருக்க வேண்டும். பதிந்தபின் கசட்டை எறிந்துவிடாமல், உலர்ந்த இடத்தில் நிமிர்த்தி வைக்க வேண்டும்.

இவை எல்லாவற்றிலும் பெரிய வேலை பெயர் எழுதுவது. யார், எந்தத் தோட்டம், எந்த டிவிசன், எந்த ஆண்டு என்று தெரியாத கோப்பு, வன்தட்டில் இருந்தாலும் தொலைந்ததே. அந்தப் பெயர்களைச் சொல்லக்கூடியவர்கள் இன்று எழுபதும் எண்பதும் வயதானவர்கள். படத்தை அவர்களுக்குப் போட்டுக்காட்டி, அவர்கள் சொல்வதைக் கைபேசியில் ஒலியாகப் பதிந்து கோப்போடு சேர்த்துவைத்தால், ஒரு கசட் இரண்டு ஆவணமாகும். இந்தியாவுக்குப் போன உறவினர் யார், காமன்கூத்தில் ரதியாக ஆடியவர் யார், தேரை வடம்பிடித்த வரிசை எப்படித் தீர்மானிக்கப்பட்டது என்பதெல்லாம் அந்தப் பேச்சில்தான் வரும். நாடாவுக்கு இன்னும் ஐந்து ஆண்டு மிச்சமிருந்தாலும் அந்த நினைவுக்கு அவ்வளவு காலம் இல்லை.

அடித்தளம் இல்லாத வேலையும் அல்ல இது. 2005இல் தொடங்கிய ‘நூலகம்’ என்ற எண்ணிம நூலகம், ஈழத்துத் தமிழ் நூல்களையும் இதழ்களையும் தன்னார்வலர்களின் கைகளால் சேர்த்துக் காட்டியிருக்கிறது. ஒலி, ஒளி ஆவணங்களுக்காக ‘ஆவணகம்’ தளத்தையும் நடத்துகிறது. கம்பளைக்கு அருகே பழைய லயமொன்றையே தேயிலைத் தொழிலாளர் அருங்காட்சியகமாக்கியிருக்கிறது சமூக அபிவிருத்தி நிறுவனம். பதுளையில் ஊவா வெல்லஸ்ஸ பல்கலைக்கழகமும், நகரங்களில் பழைய ஸ்டூடியோக்காரர்களும், தோட்டந்தோறும் கணினி தெரிந்த பிள்ளைகளும் இருக்கிறார்கள். இவர்களை ஒரு மேசையில் சேர்க்க ஒரு பாடசாலையின் பழைய மாணவர் சங்கமோ கோயில் பரிபாலன சபையோ முன்வந்தால் போதும். ஊவாவில் யூலை முதல் செப்டெம்பர் வரை உலர்ந்த காற்று வீசும். மணம் மிக்க தேயிலையைத் தரும் அந்தப் பருவம் நாடாவை வெளியே எடுத்துப் பதியவும் ஏற்ற பருவம். அதற்கு முன் ஒவ்வொரு டிவிசனிலும் எத்தனை கசட் இருக்கிறது, எதற்குப் பிரதி இல்லை, யாரிடம் பெயர் கேட்கலாம் என்ற மூன்று கேள்விகளோடு ஒரு பட்டியல் எடுத்துவிடலாம். பட்டியல் எடுக்கப் பணம் தேவையில்லை, அனுமதிக்காகக் காத்திருக்கவும் தேவையில்லை. செக்ரோலில் மற்றவர்கள் பெயர் எழுதிய மக்கள், தங்கள் கசட்டுகளின் பட்டியலைத் தாங்களே எழுதத் தொடங்குவதுதான் இந்த வேலையின் முதல் நாள்.